பெயர் போடாவிட்டாலும் வழக்கு வருமா?

வாசகர் கடிதம்:

மதிப்பிற்குரிய வழக்கறிஞர் அம்மாவுக்கு வணக்கம். டெல்டா பக்கம் ஒரு சிறுநகரத்தில், அப்பா 1984-ல் தொடங்கிய மாத இதழை இப்போது நான் நடத்துகிறேன். கீழே எங்கள் ஸ்டுடியோ, மாடியில் பத்திரிகை ஆபீஸ். போன மாதம் ஊரில் ஒரு சிறுமிக்கு நடந்த கொடுமை பற்றிச் செய்தி போட்டோம். பெயர் போடவில்லை, முகத்தையும் மறைத்துவிட்டோம். அப்படியும் காவல் நிலையத்திலிருந்து விளக்கம் கேட்கிறார்கள். குழந்தையின் அப்பாவிடம் "ஆட்சேபணை இல்லை" என்று எழுதி வாங்கிக் கொடுத்தால் முடிந்துவிடும் என்கிறார் எங்கள் நிருபர். பழைய இதழ்களையெல்லாம் ஸ்கேன் செய்து இணையத்தில் ஏற்ற வேண்டும், அப்பா எடுத்த நெகட்டிவ்களிலிருந்து "அந்தக் காலக் குழந்தைகள்" என்று ஒரு தொடர் போட வேண்டும் என்றெல்லாம் திட்டம் வைத்திருந்தேன். இப்போது கை வைக்கவே பயமாக இருக்கிறது. இதற்கிடையில், மூன்று வருடத்துக்கு முன் நாங்கள் எடுத்த மஞ்சள் நீராட்டு விழா ரீல்ஸை நீக்கச் சொல்லி அந்தப் பெண்ணே மெசேஜ் அனுப்பியிருக்கிறாள். பெற்றோர் சம்மதத்தோடுதான் போட்டோம். அப்பா காலத்தில் இதெல்லாம் பிரச்சினையே இல்லை. எதைச் செய்யலாம், எதைச் செய்யக் கூடாது? (பெயர், ஊர் வேண்டாம்.)

பதில்:

ஐயா, முதலில் நிருபரை நிறுத்துங்கள். குழந்தையின் அப்பாவைத் தேடி யாரும் போக வேண்டாம். அவர் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாலும் அந்தக் காகிதத்துக்குச் சட்டத்தில் மதிப்பில்லை. பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்ட குழந்தையின் அடையாளத்தை வெளியிட அனுமதி தரும் அதிகாரம், குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து பாதுகாக்கும் போக்சோ சட்டத்தின் கீழ் இயங்கும் சிறப்பு நீதிமன்றத்துக்கு மட்டுமே உண்டு. அதுவும் குழந்தையின் நலனுக்கு அது தேவை என்று நீதிபதி எழுத்தில் காரணம் பதிவு செய்தால்தான். 2018 டிசம்பரில் நிபுன் சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை ஐயத்துக்கு இடமில்லாமல் சொல்லிவிட்டது. பாதிக்கப்பட்டவர் இறந்துபோயிருந்தாலும், பெற்றோரே "என் பிள்ளையின் பெயரைச் சொல்லிப் போராடுங்கள்" என்று கேட்டாலும், பத்திரிகை தன் பொறுப்பில் பெயரைப் போட முடியாது. இதில் இன்னொரு ஆபத்தும் இருக்கிறது. வழக்கு நடக்கும்போது நீங்கள் அந்த வீட்டுப் படியேறினால், நாளைக்கு எதிர்த்தரப்பு அதை வேறு மாதிரி பேசும். காவல் துறையும் அதை மிரட்டலாகவே பார்க்கும்.

அடுத்து, பெயர் போடவில்லையே என்ற உங்கள் வாதம். கடிதத்தோடு அந்தப் பக்கத்தின் நகலையும் அனுப்பியிருந்தீர்கள். அதிலிருந்த தெருப் பெயரையும் மற்ற விவரங்களையும் இந்தப் பத்தியில் நான் எடுத்துவிட்டேன். காரணம் உங்களுக்கே புரியும். குழந்தையின் வகுப்பு, அப்பாவின் தொழில், தெரு, வீட்டு வாசலில் முந்தானையால் முகத்தை மூடி உட்கார்ந்திருக்கும் அம்மாவின் படம், இத்தனையும் அந்தச் செய்தியில் இருக்கிறது. அந்தத் தெருவில் அந்தத் தொழில் செய்கிறவர் ஒருவர்தான் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். இதற்குப் பிறகு பெயர் எதற்கு?

போக்சோ சட்டத்தின் 23-ஆம் பிரிவைப் படித்துப் பாருங்கள். பெயர், முகவரி, புகைப்படம், குடும்ப விவரம், பள்ளி, அக்கம்பக்கம், அடையாளத்தைக் காட்டிக்கொடுக்கக் கூடிய வேறு எந்த விவரமும் என்று வரிசையாகச் சொல்கிறது. இந்த "வேறு எந்த விவரமும்" என்பதில்தான் சிற்றூர்ப் பத்திரிகைகள் மாட்டிக்கொள்கின்றன. சென்னையில் "வடசென்னையைச் சேர்ந்த சிறுமி" என்று எழுதினால் லட்சக்கணக்கானவர்களில் யாரோ ஒருத்தி. உங்கள் ஊரில் ஒரு தெருவைச் சொன்னால் டீக்கடையில் அரை மணி நேரத்தில் வீட்டைக் கண்டுபிடித்துவிடுவார்கள். குற்றம் சாட்டப்பட்டவர் அப்பாவாகவோ சித்தப்பாவாகவோ இருந்தால் இன்னும் கவனம் வேண்டும். அவர் பெயரைப் போடுவது குழந்தையின் பெயரைப் போடுவதற்குச் சமம். அப்படிப்பட்ட வழக்குகளில் "நெருங்கிய உறவினர் கைது" என்பதோடு நிறுத்திக்கொள்வதே நல்லது.

அப்பா காலத்து இதழ்களில் கண்களின் மேல் கறுப்புப் பட்டை போட்டு முழுப் படத்தையும் வெளியிடுவார்கள் அல்லவா? அது யாரையும் மறைத்ததில்லை. பாவாடை, ஜடை, நிற்கும் தோரணை, பின்னால் தெரியும் கோயில் கோபுரம், இவை போதும் தெரிந்தவர்களுக்கு. இப்போது கணினியில் முகத்தை மங்கலாக்கினாலும் கதை அதேதான். இத்தகைய செய்திக்குக் குழந்தை, குடும்பம், வீடு, பள்ளி எதன் படமும் வேண்டாம். நீதிமன்றக் கட்டடத்தின் படம் போட்டால் போதும். சுவாரஸ்யம் குறையும்தான், குறையட்டும்.

பொறுப்பு யாருக்கு என்று கேட்டீர்களானால், நிருபரை மட்டும் கைகாட்டித் தப்ப முடியாது. ஊழியர் செய்ததற்கும் செய்யத் தவறியதற்கும் பத்திரிகை வெளியிடுபவரோ உரிமையாளரோ, ஸ்டுடியோ உரிமையாளரோ சேர்ந்தும் தனித்தும் பொறுப்பு என்று அதே பிரிவு சொல்கிறது. உங்களுக்கு இரண்டு தொப்பியும் இருக்கின்றன. தண்டனை ஆறு மாதத்துக்குக் குறையாமல் ஓராண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். இளைஞர் நீதிச் சட்டத்தின் 74-ஆம் பிரிவும், பாலியல் வன்கொடுமை வழக்கானால், பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 72-ஆம் பிரிவும் கூடவே வரலாம். பின்னதில் இரண்டு ஆண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு.

"மாஜிஸ்திரேட் அனுமதி இல்லாமல் போலீஸ் இதை விசாரிக்கவே முடியாது, அதை வைத்து வழக்கை உடைத்துவிடலாம்" என்று யாராவது யோசனை சொன்னால் அதை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள். கர்நாடகத்தில் ஒரு நாளிதழ் ஆசிரியர் இதே வாதத்தோடு உச்ச நீதிமன்றம் வரை போனார். 2022 மார்ச்சில் இரண்டு நீதிபதிகளும் இரண்டு விதமாகத் தீர்ப்பு எழுதினார்கள்.

இப்போதைக்குச் செய்ய வேண்டியவை. அந்த இதழின் பிடிஎஃப், முகநூல் பதிவு, வாட்ஸ்அப் சேனலில் போட்டது எல்லாவற்றையும் இன்றே நீக்குங்கள். கடைகளில் விற்காமல் இருக்கும் பிரதிகளைத் திரும்பப் பெறுங்கள். எதை எப்போது நீக்கினீர்கள், எத்தனை பிரதி திரும்பி வந்தது என்று எழுதி வையுங்கள். உள்ளூரில் குற்றவியல் வழக்கு நடத்தும் ஒருவரை வைத்து, கேட்ட தேதிக்குள் எழுத்தில் பதில் கொடுங்கள். அடுத்த இதழில் வருத்தம் தெரிவிக்க நினைத்தால் இரண்டு வரியோடு நிறுத்துங்கள். "இன்ன தெருச் சிறுமி பற்றிய செய்திக்கு வருந்துகிறோம்" என்று வருத்தத்திலேயே மறுபடியும் அடையாளம் காட்டிய பத்திரிகைகளைப் பார்த்திருக்கிறேன்.

அப்பா காலத்தில் பிரச்சினை இல்லை என்கிறீர்கள். சட்டம் அப்போதும் இருந்தது, யாரும் பயப்படவில்லை, அவ்வளவுதான். பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவரின் பெயரை வெளியிடுவது 1983-லிருந்தே குற்றம். உங்கள் இதழ் பிறப்பதற்கு ஒரு வருடம் முன்பு. விசாரணையில் இருக்கும் சிறுவர்களின் பெயரையும் படத்தையும் போடக் கூடாது என்று 1986-ஆம் ஆண்டு இளைஞர் நீதிச் சட்டமே சொன்னது. ஆனால் 2000-ல் வந்த சட்டத்தில்கூட அதற்கான அபராதம் 1,000 ரூபாய் வரைதான். ஓர் அரைப்பக்க விளம்பரத்தில் ஈடுகட்டிவிடலாம். 2006 திருத்தத்தில் 25,000 ஆனது. 2015 சட்டத்தில் ஆறு மாதம் வரை சிறை, அல்லது 2 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் என்று வந்தது. வரம்பும் விரிந்தது. சட்டத்துக்கு முரண்பட்ட (அதாவது குற்றம் செய்ததாகச் சொல்லப்படும்) சிறுவன், பராமரிப்பும் பாதுகாப்பும் தேவைப்படும் குழந்தை என்பவர்களோடு, எந்தக் குற்றத்திலும் பாதிக்கப்பட்ட குழந்தையும் சாட்சியான குழந்தையும் அந்தப் பாதுகாப்புக்குள் வந்தார்கள்.

தமிழ்ப் பத்திரிகை உலகத்துக்கு நெருக்கமான ஒரு தீர்ப்பும் இதில் உண்டு. ஆட்டோ சங்கரின் வாழ்க்கைக் கதையை வெளியிடுவது தொடர்பாக நக்கீரன் ஆசிரியர் தொடுத்த வழக்கில், 1994-ல் உச்ச நீதிமன்றம் பத்திரிகைச் சுதந்திரத்துக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. பொது ஆவணத்தில் இருப்பதை எழுதலாம், அரசு முன்கூட்டியே தடுக்க முடியாது என்றது. அதைக் கொண்டாடுகிறவர்கள் அதே தீர்ப்பிலிருக்கும் விதிவிலக்கை மறந்துவிடுகிறார்கள். பாலியல் தாக்குதலுக்கோ கடத்தலுக்கோ ஆளான பெண்ணின் பெயர், ஆவணத்தில் இருந்தாலும் பத்திரிகையில் வந்து அவளை மேலும் அவமானப்படுத்தக் கூடாது என்று அங்கேயே எழுதியிருக்கிறது. அப்படியும் 2018-ல், ஜம்மு-காஷ்மீரின் கத்துவாவில் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாகிக் கொல்லப்பட்ட சிறுமியின் பெயரும் படமும் நாடு முழுக்க வெளிவந்தன. டெல்லி உயர் நீதிமன்றம் தானாகவே வழக்கை எடுத்து, ஊடக நிறுவனங்களை ஆளுக்கு 10 லட்சம் ரூபாய் கட்ட வைத்தது. அதற்குப் பிறகுதான் பெரிய பத்திரிகைகளே விழித்துக்கொண்டன.

பழைய இதழ்களை ஏற்றலாமா என்ற கேள்விக்கு வருகிறேன். ஏற்றலாம், அது நல்ல வேலையும்கூட. ஆனால் அப்படியே ஏற்ற முடியாது. 1996-ல் அச்சிட்டது பழைய கதை என்று நினைக்காதீர்கள். இன்று இணையத்தில் போட்டால் அதை இன்றைய வெளியீடாகவே எடுத்துக்கொள்ள வேண்டும் என்பது என் ஆலோசனை. அப்போது ஒரு மாவட்டத்தில் சில ஆயிரம் பேர் படித்து, பிறகு பொட்டலம் மடித்துப் போன செய்தி, இன்று ஒரு பெயரைத் தட்டினால் மேலே வந்து நிற்கும். திருட்டு வழக்கில் பிடிபட்ட பதினைந்து வயதுப் பையன் ஒருவனின் பெயரை 1998-ல் உங்கள் இதழ் போட்டிருக்கலாம். இன்று அவருக்கு நாற்பது வயதுக்கு மேல். கடை வைத்திருப்பார், பெண்ணுக்கு வரன் பார்த்துக்கொண்டிருப்பார். சிறார்களின் வழக்குப் பதிவுகளையே, சில விதிவிலக்குகள் தவிர, அழித்துவிட்டுப் புதிதாக வாழவிட வேண்டும் என்பது இளைஞர் நீதிச் சட்டத்தின் கொள்கை. இளைஞர் நீதிக் குழுமம் அழித்ததை நீங்கள் உயிர்ப்பித்துக் கொடுக்கக் கூடாது.

ஆகவே குற்றச் செய்திப் பக்கங்களை ஒவ்வொன்றாகப் பாருங்கள். பாதிக்கப்பட்ட, பிடிபட்ட, சாட்சி சொன்ன, விடுதியிலிருந்தோ கொத்தடிமையிலிருந்தோ மீட்கப்பட்ட குழந்தை யாராக இருந்தாலும் பெயரையும் படத்தையும் ஸ்கேனில் மறைத்துவிடுங்கள். இங்கே ஒரு தொழில்நுட்பக் கண்ணி இருக்கிறது. பிடிஎஃப்பில் எழுத்தின் மேல் கறுப்புக் கட்டம் வைத்தால் கண்ணுக்கு மறையுமே தவிர, அடியில் தேடக்கூடிய எழுத்துகள் அப்படியே இருக்கும். காப்பி எடுத்து ஒட்டினால் பெயர் வந்துவிடும். படத்திலேயே அழித்துவிட்டு, அதற்குப் பிறகு எழுத்துணரியை (ஓசிஆர்) ஓட்டச் சொல்லுங்கள். பைண்டு செய்த மூல இதழ்களைக் கிழிக்கவோ மை பூசவோ வேண்டாம், அவை அலமாரியில் அப்படியே இருக்கட்டும்.

டெல்டாக்காரர் என்பதால் இதையும் சொல்லிவிடுகிறேன். 2004 ஜூலை கும்பகோணம் பள்ளித் தீ விபத்து பற்றிய இதழ் உங்களிடம் இருக்கும். 94 குழந்தைகள் இறந்த அந்த நாட்களில் பத்திரிகைகளில் வந்த சில படங்களை இன்று எந்த ஆசிரியரும் போடத் துணியமாட்டார். அது குற்ற வழக்காக நடந்து 2014-ல் தஞ்சாவூர் நீதிமன்றத்தில் தீர்ப்பும் வந்தது. இளைஞர் நீதிச் சட்டத்தின் 74-ஆம் பிரிவின் எழுத்தை இறுக்கிப் பிடித்தால் அந்தக் குழந்தைகளுக்கும் அது பொருந்தும் என்று வாதிட இடமிருக்கிறது. பெற்றோர் தங்கள் பிள்ளைகளின் படத்தை வைத்து அஞ்சலி செலுத்துவது அவர்கள் துக்கம், அதில் சட்டம் போய் நிற்காது. உங்கள் தளத்தில் எரிந்துபோன கட்டடத்தின் படம் இருக்கட்டும், கட்டுரைகள் இருக்கட்டும். உடல்களின் படங்கள் வேண்டாம்.

இனி "அந்தக் காலக் குழந்தைகள்". குப்புறப் படுத்துத் தலையைத் தூக்கிப் பார்க்கும் ஆறு மாதக் குழந்தை, இடுப்பில் அரைஞாண் மட்டும். தமிழ்நாட்டில் இந்தப் படம் எடுக்காத ஸ்டுடியோவே இருந்திருக்காது. உங்கள் அப்பாவின் நெகட்டிவ் பெட்டியில் அப்படி நிறைய இருக்குமே, போலீஸ் வந்தால் என்ன ஆகும் என்பது கடிதத்தில் வரிகளுக்கிடையில் தெரிகிறது. பயப்பட வேண்டாம். குடும்பம் ஆசையாக எடுத்துக்கொண்ட படத்தை வைத்திருப்பது குற்றமில்லை. போக்சோ சட்டம் குறிவைப்பது பாலியல் நோக்கத்தையும் பாலியல் சித்திரிப்பையும்தான். ஆனால் அவற்றை இணையத்தில் ஏற்றாதீர்கள். ஷோகேஸில் மாட்டிய படத்தை யார் பார்க்கிறார்கள் என்று உங்கள் அப்பாவுக்குத் தெரியும். இணையத்தில் அதை யார் எடுத்து எப்படி மாற்றுவார்கள் என்று உங்களுக்குத் தெரியாது. அப்படி மாற்றி உருவாக்கப்பட்ட படங்களையும் 2019 திருத்தம் சட்ட வரையறைக்குள் கொண்டுவந்தது சும்மா இல்லை. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67பி பிரிவும் மின்னணு வடிவத்துக்குத் தனியாக இருக்கிறது. உடையணிந்த குழந்தைகள், மரக்குதிரை மேல், அட்டை நிலா மேல் உட்கார்ந்த குழந்தைகள் என்று எவ்வளவோ அழகான படங்கள் இருக்கும். அவற்றிலிருந்து தொடர் செய்யுங்கள்.

அதற்கும் முன் ஒரு வேலை உண்டு. இது குழந்தைகள் சட்டமே இல்லை, 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம். பணம் கொடுத்து எடுக்கச் சொன்ன புகைப்படத்துக்கு, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், முதல் உரிமையாளர் எடுக்கச் சொன்னவர்தான். நெகட்டிவ் உங்கள் பெட்டியில் இருப்பதால் உரிமை உங்களுக்கு வந்துவிடாது. அந்தக் குழந்தைகள் இன்று ஐம்பது வயதுக்காரர்கள். ஸ்டுடியோ வாசலில் ஒரு தட்டி வையுங்கள், இதழில் ஒரு அறிவிப்புப் போடுங்கள். "உங்கள் பழைய படம் எங்களிடம் இருக்கலாம், வந்து பாருங்கள்" என்றால் கூட்டமே வரும். அவர்களிடம் எழுத்தில் சம்மதம் வாங்கிப் போட்டால், படத்தோடு அவர்கள் சொல்லும் கதையும் கிடைக்கும்.

ஸ்டுடியோக்காரர்களில் பலருக்குத் தெரியாத ஒரு கடமையையும் குறித்துக்கொள்ளுங்கள். பிரிண்ட் போடக் கொண்டுவரும் பென்டிரைவிலோ, பத்திரிகைக்கு வரும் மின்னஞ்சலிலோ குழந்தையைப் பாலியல்ரீதியாகச் சுரண்டும் படம் கண்ணில் பட்டால், சிறப்பு இளைஞர் காவல் பிரிவுக்கோ உள்ளூர்க் காவல் நிலையத்துக்கோ தகவல் கொடுத்தே ஆக வேண்டும். போக்சோ சட்டத்தின் 20-ஆம் பிரிவு ஊடகத்தையும் ஸ்டுடியோவையும் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது, எத்தனை பேர் வேலை செய்கிறார்கள் என்ற கணக்கு இல்லை. சொல்லாவிட்டால் ஆறு மாதம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். தனக்குக் கீழ் வேலை செய்பவர் செய்த குற்றத்தை நிறுவனப் பொறுப்பாளர் சொல்லாமல் விட்டால் ஓராண்டு வரை. "ஆதாரத்துக்கு" என்று அதைக் காப்பி எடுக்கவோ, ஆசிரியர் குழு வாட்ஸ்அப்பில் போடவோ கூடாது. அது இன்னொரு குற்றமாகிவிடும்.

இவ்வளவையும் படித்துவிட்டு, குழந்தைகள் இருக்கும் பக்கமே கேமராவைத் திருப்பக் கூடாது என்று முடிவு செய்துவிடாதீர்கள். பொது இடத்தில் குழந்தையைப் படமெடுப்பதையே தடுக்கும் சட்டம் நம் நாட்டில் இல்லை. தேர்த்திருவிழாவில் அப்பா தோளில் உட்கார்ந்திருக்கும் பிள்ளையை எடுங்கள், பொங்கல் விளையாட்டுப் போட்டியை எடுங்கள். இப்போது சில இதழ்கள் அளவுக்கு மீறிப் பயந்து, கட்டுரைப் போட்டியில் முதல் பரிசு வாங்கிய மாணவியின் முகத்தையே மங்கலாக்கிப் போடுகின்றன. பார்க்கிறவர்கள் அந்தப் பிள்ளைக்கு என்ன ஆயிற்றோ என்று பதறுகிறார்கள். பெற்றோரிடமும் பள்ளியிடமும் கேட்டு, முகம் தெரியவே போடுங்கள். வீட்டு முகவரி மட்டும் வேண்டாம். காணாமல் போன குழந்தையின் படத்தைக் காவல் துறையோ குழந்தைகள் நலக் குழுவோ கொடுத்தால் மட்டும் போடுங்கள். குழந்தை கிடைத்த அன்றே இணையத்திலிருந்து எடுத்துவிடுங்கள். துணிக்கடை விளம்பரத்துக்குக் குழந்தையை வைத்துப் படப்பிடிப்பு நடத்துவதாக இருந்தால் அது வேறு கதை. பதினான்கு வயதுக்கு உட்பட்டவருக்குக் குழந்தைத் தொழிலாளர் விதிகள் பொருந்தும். மாவட்ட ஆட்சியர் அனுமதி, நாளுக்கு ஐந்து மணி நேர வரம்பு, வருமானத்தில் 20 சதவீதம் குழந்தை பெயரில் வங்கி வைப்பு என்று நிபந்தனைகள் இருக்கின்றன. அந்த வேலை வந்தால் தனியாக எழுதுங்கள்.

கடைசியாக அந்த மஞ்சள் நீராட்டு விழா ரீல்ஸ். பெற்றோர் சம்மதித்தார்கள் என்பது உண்மையாக இருக்கலாம். ஆல்பத்துக்குச் சம்மதித்தார்களா, உங்கள் ஸ்டுடியோ விளம்பரத்துக்குச் சம்மதித்தார்களா என்று எழுத்தில் ஏதாவது இருக்கிறதா? 2023-ஆம் ஆண்டு டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டப்படி, பதினெட்டு வயதுக்கு உட்பட்டவரின் தகவலைக் கையாளப் பெற்றோரின் சரிபார்க்கத்தக்க சம்மதம் வேண்டும். கொடுத்த சம்மதத்தைத் திரும்பப் பெறவும் முடியும். அதன் விதிகள் 2025 நவம்பரில் வெளியாயின, கடமைகள் படிப்படியாக நடைமுறைக்கு வருகின்றன. ஆனால் இந்தப் பெண் விஷயத்தில் நான் சட்டப் பிரிவைத் தேடமாட்டேன். பூப்பெய்தியதை ஊருக்கே அறிவிக்கும் வீடியோ பன்னிரண்டு பதின்மூன்று வயதில் அவளைக் கேட்காமல் போடப்பட்டது. இப்போது பள்ளியில் கூடப் படிக்கிறவர்கள் அதைக் கைப்பேசியில் பார்த்துக்கொண்டிருப்பார்கள். எல்லாத் தளங்களிலிருந்தும் நீக்குங்கள். யாராவது பகிர்ந்திருந்தால் அவர்களிடமும் கேட்டு நீக்க வையுங்கள். பிறகு அவளுக்கு "எடுத்துவிட்டோம்" என்று பதில் அனுப்புங்கள். காரணம் கேட்க வேண்டாம், பெற்றோரிடம் புகார் சொல்லவும் வேண்டாம். இனிமேல் சடங்கு ஆர்டர் எடுக்கும்போது ரசீதிலேயே "ஆல்பத்துக்கு மட்டும்" என்று அச்சடித்துவிடுங்கள்.